எட்டாம் நாற்காலி

தேவமலர் அன்று காலை ஒரே அரிசியை மூன்று தடவை களைந்தாள். முதல் தடவை வெளிச்சம் போதவில்லை. இரண்டாம் தடவை பக்கத்து வீட்டுக் கோழி கத்தித் தொலைத்தது. மூன்றாம் தடவை முடிவதற்குள் அரிசியின் சத்தெல்லாம் சாக்கடைக்குப் போய்விட்டது, அவளுக்கும் நிற்கத் தெம்பில்லை.

"போதுமா தம்பி? இன்னும் ஒருக்கா கழுவினா ஒலைக்குப் போட ஒண்ணும் மிஞ்சாது."

"நல்லா வந்துருக்கு ஆன்ட்டி. நீங்க நீங்களாவே இருங்க, அது போதும்" என்றான் கேமராவுக்குப் பின்னால் இருந்த நிவேந்திரன்.

தானாக இருப்பதற்கு இத்தனை ஒத்திகை வேண்டும் என்று ஐம்பத்திரண்டு வயதுவரை அவளுக்குத் தெரியாது. ஆனாலும் அந்தப் பையன்மேல் அவளுக்குப் பிரியம்தான். டவுன் பக்கம் புக்கிட் காத்திலில் வீடு, கல்லூரியில் வாத்தியார் வேலை, நோயாளிகளைப் பற்றி ஆவணப்படம் எடுக்க ஏதோ ஓர் அறக்கட்டளை உதவியது. நோயாளியே தன் நோயைச் சொல்ல வேண்டும், டாக்டர்கள் பேசக்கூடாது என்பது அவன் கொள்கை. பெரிய ஆஸ்பத்திரியில் புற்றுநோய்க்குக் கீமோ ஏற்றும் வார்டில்தான் அவளைக் கண்டுபிடித்தான். அங்கே சாய்வு நாற்காலிகளுக்கு எண் போட்டிருப்பார்கள். தேவமலருக்கு எட்டு. ஏழில் அலோர் காஜா ஊர்க்காரி மங்களம் இருந்தாள். மருந்து ஏறும்போதே முறுக்குத் தின்று நர்சிடம் திட்டு வாங்குகிறவள்.

தேவமலரின் வீடு கோலா சுங்கை பாருவுக்குப் போகும் தார்ச் சடக்கிலிருந்து உள்ளே விலகி, எண்ணெய் எடுக்கும் செம்பனைக்கு நடுவில், தோட்டத்தின் இரண்டாம் டிவிசனில் இருந்தது. தோட்டம் கொடுத்த நாற்பது லயத்து வீடுகளில் பதினொன்றில்தான் இப்போது தமிழர்கள். மற்றதில் இந்தோனேசியாக்காரர்களும் வங்காளிகளும் இருந்தார்கள். புருஷன் தனபாலன் பழக்குலை ஏற்றும் டிராக்டர் ஓட்டினான். அவள் இருபத்து மூன்று வருஷமாக மரத்தடியில் உதிர்ந்து கிடக்கும் செம்பனைப் பழத்தைப் பொறுக்கிச் சாக்கில் கட்டினாள். குனிந்து நிமிர்ந்து இடுப்பு போனது எல்லாருக்கும் தெரியும். கழுத்தில் கட்டி வந்ததுதான் வேறு கதை.

அந்தக் கதையை நிவேந்திரன்தான் கேட்டான். டாக்டர் கட்டியின் அளவைக் கேட்டார். தனபாலன், டாக்சிக்கு எவ்வளவு ஆகும் என்று கேட்டான். சொந்தக்காரர்கள், இதெல்லாம் எதனால் வருது என்று கேட்டு அவர்களே பதிலும் சொல்லிக்கொண்டார்கள். நிவேந்திரன் ஒருத்தன்தான் அவள் கைலிக்கு மேல் போட்டிருந்த சட்டையில் மைக்கைக் குத்திவிட்டு, எதிரே முக்காலியில் உட்கார்ந்து, "ஆன்ட்டி, உங்களுக்கு மொதல்ல எப்படித் தெரிஞ்சது?" என்று கேட்டான். கேட்டுவிட்டு வாயை மூடிக்கொண்டு காத்திருந்தான். அதற்குத்தான் அவள் விழுந்துவிட்டாள்.

நான்கு மணி நேரம் பேசினாள். தோட்டத்துக் கிளினிக்கில் டாக்டருக்குக் கீழே இருக்கும் டிரெசர்தான் எல்லாம். டாக்டர் மாதம் ஒருமுறை எட்டிப் பார்த்துவிட்டுப் போவார். மற்ற நாளில் காய்ச்சலுக்கும் காயத்துக்கும் கர்ப்பத்துக்கும் டிரெசர் கைதான். பெரிய ஆஸ்பத்திரிக்குக் கடிதம் கொடுப்பதும் அவர்தான், ஒருநாள் வேலைக்கு வராமல் இருக்க எம்சி சீட்டுக் கொடுப்பதும் அவர்தான். டிரெசர் பாலகிருஷ்ணன் இருபத்தெட்டு வருஷமாக அந்த மேசைக்குப் பின்னால் இருக்கிறவர். மாரியம்மன் கோயிலுக்குத் தலைவரும் அவரே. கெட்ட மனிதர் என்று யாரும் சொல்ல முடியாது. கல்யாணம், கருமாதி எல்லாவற்றுக்கும் முதலில் வந்து நிற்பார். ஆனால் எம்சி கேட்டு வருகிறவர்கள் எல்லாரும் பொய்க்காரர்கள் என்று அவருக்குள் ஒரு முடிவு இருந்தது.

"மொத தடவ ஒரு திங்கக்கெழம போனேன் தம்பி. கழுத்த தொட்டுக்கூடப் பாக்கல. சளிக் கட்டின்னு பனடோல் குடுத்தாரு. அப்புறம் போனேன், ஆன்ட்டிபயாட்டிக். அப்புறம் போனேன், திருப்பியும் பனடோல். எட்டு மாசத்துல பதினாலு தடவ. ஒருநாளு கடுதாசி குடுங்கையா, பெரிய ஆஸ்பத்திரியில காட்டிட்டு வரேன்னு கேட்டேன். அங்க வரிசையில இருவது பேரு. எல்லாரையும் பாத்து சிரிச்சிக்கிட்டே, 'இது எம்சி கட்டி, திங்கக்கெழம மட்டும் வீங்கும்' அப்படின்னாரு. எல்லாம் சிரிச்சிச்சுங்க. நானும் சிரிச்சேன். அதான் எனக்கு ஆறல. நானும் சேந்து சிரிச்சேன் பாரு."

அதற்குப் பிறகு காலையில் பேர் கூப்பிடும் பெரட்டுக் களத்தில் ஆளாளுக்கு எம்சி கட்டி எப்படி இருக்கிறது என்று விசாரித்தார்கள். வெட்கத்தில் அவள் கிளினிக் பக்கமே போகவில்லை. சாப்பாடு இறங்காமல் மரத்தடியில் விழுந்த பிறகுதான் தனபாலன் டிராக்டரை நிறுத்திவிட்டு, டாக்சி பிடித்து அவளைப் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனான். அங்கே ஒரு சீனப் பெண் டாக்டர் கழுத்தைத் தடவிப் பார்த்த கையோடு வார்டுக்குச் சீட்டு எழுதினாள்.

"இதெல்லாம் படத்துல வருமா தம்பி?"

"கண்டிப்பா ஆன்ட்டி. இதுதான் படமே."

அந்த ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டு அவள் நான்கு கீமோவைத் தாண்டினாள். வாய் முழுக்கப் புண். தண்ணீர்க் கஞ்சியும் நெத்திலிச் சம்பலில் ஒரு விரல் நுனியும் தவிர எதுவும் ஆகவில்லை. தனபாலன் கோலா சுங்கை பாருவில் படகு வந்ததும் கெம்போங் மீன் வாங்கி வருவான். வாடை பொறுக்காமல் அவள் பின்கதவைத் திறந்துகொண்டு போய்விடுவாள். அவன் மீனை அப்படியே இந்தோனேசியாக்கார வீட்டில் கொடுத்துவிட்டு வெறும் ரசத்தைக் குடிப்பான்.

பொங்கல் முடிந்த கையோடு நிவேந்திரன் ஒரு காரியம் செய்தான். இரண்டு பக்கமும் கேட்பதுதான் நியாயம் என்று எங்கேயோ படித்திருக்கிறான். டிரெசரைப் பார்க்கப் போனவன், தேவமலர் பேசியதைத் தன் போனிலேயே அவருக்குப் போட்டுக் காட்டி, "இதுக்கு நீங்க என்னா சொல்றீங்க ஐயா?" என்று மைக்கை நீட்டிக் கேட்டுவிட்டான். படித்த பிள்ளைகளுக்கு இதுதான் புத்தி. அவன் காரில் ஏறி புக்கிட் காத்திலுக்குப் போய்விட்டான். அவள் அந்த லயத்திலேயே இருக்க வேண்டியவள்.

டிரெசர் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால்கூடத் தேவலை. பிப்ரவரியில் நடந்த திருவிழாக் கூட்டத்தில், எல்லார் முன்னாலும் மிருதுவாகச் சொன்னார்: "தனபாலன் வீட்டுல நோயாளி இருக்கு. இந்த வருசம் அவங்களுக்குச் சிரமம் குடுக்க வேணாம். மூணாம் நாள் உபயத்த ஆபீசு கெராணி வீட்டுக்குக் குடுத்திருவோம்." எல்லாரும் தலையாட்டினார்கள். அக்கறை என்று பெயர் வைத்துச் செய்தால் எதையும் செய்துவிடலாம். தனபாலனும் தலையாட்டிவிட்டு வந்தான்.

வந்தவன் சட்டையைக்கூடக் கழற்றவில்லை.

"நாளைக்குக் கோயிலுக்குப் போயி ஒரு வார்த்த சொல்லிட்டு வந்திரு மலரு. நோயில என்னமோ ஒளறிட்டேன்னு சொல்லு. அதோட முடிஞ்சிச்சு."

"நான் ஒளறல. தேதி மொதக்கொண்டு சொன்னேன்."

"தேதி சொல்லி என்னா செய்யப் போற? எங்கப்பா காலத்துலேருந்து மூணாம் நாளு நம்ம வீடு. நான் டிராக்டர்ல போறேன், ஒருத்தன் கை காட்ட மாட்றான். நாளைக்கு மேனேஜர்கிட்ட ஏதாச்சும் போயிச் சொன்னா வீட்டக் காலி பண்ணுன்னு சொல்லிருவான். அப்புறம் கஷ்டம்தான், ரொம்ப சூசா ஆயிரும்."

"அவரு என்னைய பதினாலு தடவ திருப்பி அனுப்பினப்ப சூசாவா இல்லியா?"

"இருந்துச்சுதான். அதுக்கு? இப்ப மருந்து ஏறுதுல்ல? கட்டி சுருங்குதுல்ல?"

"படம் வரட்டும்ங்க."

"படம் வந்து?"

"எல்லாரும் பாப்பாங்கல்ல. கோலாலம்பூர்ல மினிஸ்ட்ரி ஆளுங்கல்லாம் பாப்பாங்களாம், அந்தத் தம்பி சொல்லிச்சு. வரிசையில நின்னு சிரிச்சிச்சுங்களே, அதுங்களும் பாக்கும்ல. நான் வாயால சொன்னா நோவுக்காரி பொலம்பறான்னு போயிருவாங்க. படத்துல வந்தா யாரு மறுக்கிறது?"

"அதுவரைக்கும் நாம யாரு மூஞ்சியில முழிக்கிறது?" என்று கேட்டுவிட்டுத் தனபாலன் குளிக்கப் போனான். வெகுநேரம் தண்ணீர் ஊற்றும் சத்தம் மட்டும் கேட்டது.

அந்த வாரம் காய்கறி வேன் வந்தபோது அவள் முக்காட்டைச் சுற்றிக்கொண்டு போனாள். வேனைச் சுற்றி நின்ற பெண்கள் வழிவிட்டார்கள். அளவுக்கு அதிகமாகவே விலகினார்கள். கத்திரிக்காய் விலை கேட்டுக்கொண்டிருந்த ஒருத்தி பாதியில் நிறுத்திக்கொண்டாள். கடைசி லயத்து உஷாராணி மட்டும் பின்னாலேயே நடந்து வந்தாள். முப்பத்தெட்டு வயது. தேவமலரோடு ஒரே நிரையில் பழம் பொறுக்கியவள், வாயாடி. அன்று குரலைத் தாழ்த்திக் கேட்டாள்.

"அக்கா, உங்களுக்கு மொதல்ல எப்படித் தெரிஞ்சது? வலிச்சிச்சா?"

தேவமலருக்குச் சுருக்கென்றது. கிளினிக் வரிசையில் சிரித்த இருபது பேரில் இவளும் ஒருத்தி. இப்போது வேடிக்கை பார்க்க வந்திருக்கிறாள் என்று நினைத்தாள்.

"எல்லாம் படத்துல வரும். அப்பப் பாத்துக்க" என்று சொல்லிவிட்டு முன்னால் நடந்தாள். அந்தப் பதில் அவளுக்குப் பிடித்திருந்தது. அப்புறம் யார் எது கேட்டாலும் அதையே சொன்னாள். நலம் விசாரிக்க வந்தவர்களுக்கும், சமாதானம் பேச வந்தவர்களுக்கும், போனில் கூப்பிட்ட நாத்தனாருக்கும் அதே பதில்தான். படம் வரட்டும்.

ஏப்ரலில் ஸ்கேன் எடுத்தார்கள். சீனப் பெண் டாக்டர் திரையைக் காட்டிச் சிரித்தாள். கட்டி எதுவும் தெரியவில்லை, இனி மூன்று மாதத்துக்கு ஒருமுறை வந்தால் போதும் என்றாள். தேவமலர் அங்கேயே உட்கார்ந்து அழுதாள். மறுநாள் தானே மீன் கழுவி, புளி கரைத்து, குழம்பு வைத்து, தனபாலனுக்குப் போட்டுத் தானும் ஒரு துண்டு தின்றாள். அவன் தட்டைப் பார்த்தபடியே சாப்பிட்டான், கண் நிறைந்திருந்தது. பிறகு அவள் நிவேந்திரனுக்குப் போன் போட்டாள்.

அந்தப் பக்கம் கதவைச் சாத்தும் சத்தம் கேட்டது.

"ரொம்ப சந்தோஷம் ஆன்ட்டி" என்றான் அப்புறம். "ஃபுல்லாவே போயிருச்சா?"

"ஃபுல்லாவே போயிருச்சு தம்பி. எப்ப வர்றீங்க? மீன் கொழம்பு வைக்கிறேன்."

"வர்றேன் ஆன்ட்டி. கொஞ்சம் வேலையா இருக்கு."

வரவில்லை. மே மாதம் முழுக்க வரவில்லை. வாரத்தில் இரண்டு நாள் வந்துகொண்டிருந்தவன், அவள் அனுப்பிய காலை வணக்கத்துக்குக் கைகூப்பிய படத்தை மட்டும் திருப்பி அனுப்பினான். எங்கே இருக்கிறான் என்று ஜூனில்தான் தெரிந்தது. மங்களம் செத்துப்போனாள். அலோர் காஜாவில் அவள் வீட்டுக்குத் தேவமலர் பஸ் ஏறிப் போனபோது, பெட்டியின் தலைமாட்டில் கேமரா நின்றுகொண்டிருந்தது. மங்களத்தின் பிள்ளைகள் அதற்கு இடைஞ்சல் இல்லாமல் ஒதுங்கி நின்று அழுதார்கள்.

தேவமலருக்கு அப்போது வந்தது துக்கம் மட்டும் அல்ல. இவள்தான் படத்தில் வருவாள் என்று ஒரு பொறாமை வந்தது. செத்துக் கிடக்கிறவளைப் பார்த்துப் பொறாமைப்பட்ட தன்னை நினைத்து அவள் பெட்டியைவிட்டுத் தள்ளிப் போய் நின்றாள்.

பந்தலுக்கு வெளியே அவனைப் பிடித்தாள். வெயில் சுட்டது. அவன் நெற்றி வேர்வையைத் துடைத்துக்கொண்டே இருந்தான்.

"என்னைய மறந்திட்டீங்களே தம்பி."

"ஐயோ அப்படிலாம் இல்ல ஆன்ட்டி. படம் ஒரே ஆளோட கதையா போவணும்னு எடிட்டர் சொல்றாரு. ரெண்டு பேரு கதன்னா பாக்கறவங்களுக்குக் கொழப்பமாம். படத்துக்கு ஒரு முடிவு வேணும்ல?"

"நான் பொழச்சது முடிவு இல்லியா?"

அவன் மறுபடியும் நெற்றியைத் துடைத்தான். கெட்டவன் இல்லை, அதனால்தான் பொய் உடனே வரவில்லை.

"நான் பொழச்சத விடுங்க. நான் சொன்னது வருமா, டிரெசர் விசயம்? அத நம்பித்தான் தம்பி பொங்கல்லேருந்து இவங்க பேச்செல்லாம் வாங்கிக்கிட்டு இருக்கேன்."

"வரும் ஆன்ட்டி. எங்கயாச்சும் ஒரு எடத்துல வச்சிருவோம். நீங்க கவலப்படாதீங்க."

ஆகஸ்ட் கடைசி ஞாயிற்றுக்கிழமை ஆயர் குரோவில் ஒரு மண்டபத்தில் படம் போட்டார்கள். கோயில் கமிட்டியே தொழிற்சாலை பஸ் ஒன்றை வாடகைக்கு எடுத்து, லயத்து ஆட்களை ஏற்றிக்கொண்டு போனது. அதிலேயே அவளுக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. தீபாவளிச் சேலையைக் கட்டியிருந்தாள், புதிதாக முளைத்த முடியைப் படிய வாரியிருந்தாள். தனபாலன் அவள் பக்கத்தில் விறைத்துப்போய் உட்கார்ந்திருந்தான். முன்வரிசையில் சிறப்பு விருந்தினர் நாற்காலியில் டிரெசர் பாலகிருஷ்ணன் இருந்தார்.

படத்தின் பெயர் 'ஏழாம் நாற்காலி'. மங்களம் வந்தாள், முறுக்குத் தின்றாள், சிரித்தாள், மெலிந்தாள், போனாள். மண்டபமே மூக்கைச் சிந்தியது. நடுவில் ஓர் இடத்தில் வார்டு வந்தது. எட்டாம் நாற்காலியில் தேவமலர் தலையில் துணியைக் கட்டிக்கொண்டு எங்கோ பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள். தனபாலன் அவள் கையைத் தொட்டான். இதோ பேசப்போகிறேன் என்று அவள் நிமிர்ந்தாள். திரையில் இருந்தவள் வாயைத் திறக்கவில்லை. அவள் முகத்தின்மேல் டிரெசரின் குரல் வந்தது.

"நம்ம ஜனங்களுக்கு வெக்கம் அதிகம். நோய மறைப்பாங்க. கடைசி நேரத்துலதான் வருவாங்க. நாங்களும் எத்தன வருசமா படிச்சிப் படிச்சிச் சொல்றோம்."

மண்டபத்தில் பல தலைகள் ஆமாம் என்று அசைந்தன. அவள் முகம் இன்னும் திரையில் இருந்தது. பார்க்கிறவர்களுக்கு அவளும் ஆமாம் என்று உட்கார்ந்திருந்ததுபோலத்தான் இருக்கும். பிறகு மங்களத்தின் வீட்டு வாசல் வந்தது.

விளக்குப் போட்டதும் மரியாதை செய்யும் சடங்கு. நோயை வென்று வந்த தேவமலர் அம்மையாருக்கு டிரெசர் ஐயா பொன்னாடை போர்த்துவார் என்று மைக்கில் சொன்னார்கள். அவள் ஏறிப் போனாள். எப்படிப் போனாள் என்று அவளுக்கே தெரியாது, யாரோ தோளைப் பிடித்துத் தள்ளியதாக மட்டும் ஞாபகம். டிரெசர் பொன்னாடையைப் போர்த்தி, தலையில் கைவைத்து, "நல்லாத்தானே இருக்க? அப்புறம் என்னாம்மா?" என்று மெதுவாகக் கேட்டார். பகையே இல்லாத குரல். மைக்கைக் கையில் கொடுத்தார்கள். பதினாலு தடவையும் நாக்கு நுனியில் இருந்தது. கீழே தனபாலன் வேண்டாம் என்று கண்ணால் கெஞ்சினான்.

"எல்லாருக்கும் நன்றி" என்று சொல்லிவிட்டு இறங்கிவிட்டாள். கைதட்டினார்கள். வாசலில் ஆளுக்கொரு பொட்டலம் மீ கோரிங் நூடுல்ஸ் கொடுத்தார்கள்.

திரும்பும்போது பஸ்ஸில் பெண்கள் அவளுக்கு இடம் பிடித்துக் கொடுத்தார்கள். மன்னித்துவிட்டார்களாம். உஷாராணி வந்து தனபாலனை முன் இருக்கைக்கு அனுப்பிவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தாள். கொஞ்சதூரம் பொட்டலத்து ரப்பர் வளையத்தை இழுத்து இழுத்து விட்டுக்கொண்டிருந்தாள்.

"அக்கா, நீங்க அதச் சொல்லவே இல்லியே."

"எத?"

"டிரெசர் ஒண்ணும் இல்லன்னு அனுப்பிட்டாருன்னு சொன்னீங்களாமே. படத்துல வரும்னு இருந்தேன். வரல. அப்ப அவரு சொன்னதுதான் சரியா?"

"உனக்கு ஏன்டி இப்ப அது?"

உஷா சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். "எனக்கும் ஒண்ணு இருக்குக்கா. கக்கத்துக்குக் கீழ, இந்தப் பக்கம். போன தீபாவளிக்கு முன்னாலேருந்து. நாலு தடவ காட்டினேன், கொழுப்புக் கட்டின்னுட்டாரு. எங்க வீட்டுக்காரரு டிரெசரு பொய்யா சொல்வாருங்கறாரு. நீங்க படத்துல சொன்னீங்கன்னா அவரும் நம்புவாருன்னு இருந்தேன்."

"ஏன்டி, என்கிட்ட வந்து கேட்டா என்னா?"

"கேட்டேனேக்கா. வேன்கிட்ட. படத்துல வரும், பாத்துக்கன்னு சொன்னீங்க."

தேவமலர் பொன்னாடையை இரண்டு பேர் மடிமேலும் இழுத்துப் போட்டு, அதற்கடியில் கையை விட்டாள். அவள் விரலுக்கு அது நன்றாகப் பழகிய சமாசாரம். கல் மாதிரி இருந்தது, தள்ளினால் நகரவில்லை. கையை எடுக்க அவளுக்கு மனம் வரவில்லை.

பஸ் பெரிய ஆஸ்பத்திரிக்குப் பிரியும் சந்திப்பில் சிவப்பு விளக்குக்கு நின்றது. தேவமலர் எழுந்தாள்.

"டிரைவர், கதவத் தொறங்க. நாங்க ரெண்டு பேரு எறங்கணும்."

முன்னால் இருந்து டிரெசர் திரும்பினார். "என்னாம்மா, வாந்தி வருதா? ஒக்காரு, வீட்டுக்குப் போயி மாத்திர தரேன்."

"நீங்க குடுத்த மாத்திர போதும்யா" என்றாள் தேவமலர். பஸ்ஸில் எல்லாருக்கும் கேட்டது. இதை மைக்கில் சொல்லியிருக்கலாம். பின்னாலிருந்து யாரோ உஷாவின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார்கள். உஷா பயந்துபோய் அவள் முந்தானையைப் பிடித்துக்கொண்டு இறங்கினாள். எங்கே என்று கேட்காமல் தனபாலனும் இறங்கினான்.

திங்கட்கிழமைவரை பொறுத்தால் டிரெசரின் கடிதம் வேண்டும். எமர்ஜென்சிக்குக் கடிதம் வேண்டாம் என்பது இந்த ஒரு வருஷத்தில் தேவமலர் கற்றுக்கொண்டது. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், மோட்டார் சைக்கிளில் விழுந்த பிள்ளைகளும் காய்ச்சல் குழந்தைகளுமாகக் கூடம் நிறைந்திருந்தது. கவுண்டரில் இருந்த மலாய்க்காரப் பெண் உஷாவின் அடையாள அட்டையை வாங்கிக்கொண்டு, எத்தனை நாளாக இருக்கிறது என்று மலாயில் கேட்டாள். உஷா தேவமலரைப் பார்த்தாள்.

தேவமலர் விரல் விட்டு எண்ணினாள். தீபாவளிக்கு முன்னால் ஆரம்பித்து, காய்கறி வேன் பக்கத்தில் இவள் வந்து கேட்ட பிப்ரவரிவரை நான்கு. பிப்ரவரியிலிருந்து இன்றுவரை ஆறு.

"பத்து மாசம்" என்று மலாயில் சொன்னாள். கவுண்டர்ப் பெண் தலையை நிமிர்த்தி உஷாவை ஒருமுறை பார்த்துவிட்டு எழுதிக்கொண்டாள். ஏன் இத்தனை தாமதம் என்று அவள் கேட்பாள் என்று தேவமலர் காத்துக்கொண்டு நின்றாள். கேட்டால் முதல் நான்கு மாதத்துக்கு டிரெசர் பெயரைச் சொல்லியிருப்பாள், மிச்சம் ஆறு மாதத்துக்குத் தன் பெயரைச் சொல்லியிருப்பாள். அந்தப் பெண் எதுவும் கேட்காமல் எண் எழுதிய சீட்டைக் கொடுத்து, உட்காரச் சொன்னாள்.